அழிவைப் பேசும் கலை

நுழையும்முன்

கல்லிலும் செம்பிலும் வடித்த உருவங்கள் காலத்தை வென்று நிற்பதையே கலையின் பெருமையாக நாம் கருதி வந்துள்ளோம். இருபதாம் நூற்றாண்டின் கலைஞர் சிலர் இக்கருத்தை வினாவுக்கு உட்படுத்தினர். உரித்த பழத்தோல், சாக்லேட், இறந்த பூச்சியின் இறகு, சிதைந்த படச்சுருள் ஆகியவற்றைக் கொண்டு சிற்பங்களையும் திரைப்படங்களையும் படைத்தனர். ஆக்கம், நுகர்வு, அழிவு என்னும் மூன்று நிலைகளையும் அவர்கள் கலையின் பாடுபொருளாக மட்டுமன்றிக் கலையின் மூலப்பொருளாகவும் ஆக்கினர். அத்தகைய படைப்புகள் சிலவற்றை அறிமுகப்படுத்தி, எதைக் காப்பது, எதை விடுவது என்னும் வினாவை இப்பாடம் எழுப்புகிறது.

நிலைபேறும் நிலையாமையும்

மாமல்லபுரத்துப் பாறைச் சிற்பங்களும் சோழர்காலச் செப்புத்திருமேனிகளும் பல நூற்றாண்டுகளைக் கடந்து இன்றும் நம் கண்முன் நிற்கின்றன. அவற்றைப் படைத்த சிற்பிகள் கருங்கல்லையும் உலோகத்தையும் தேர்ந்தமைக்கு ஒரு காரணம் அவற்றின் உறுதியாகும். தம் கைத்திறன் தமக்குப் பின்னும் வாழவேண்டும் என்னும் விழைவு அத்தேர்வில் உண்டு. உலகின் பிற நாட்டுச் சிற்பமரபுகள் பலவற்றிலும் இதே விழைவைக் காணலாம்.

ஆயினும், கலைஞன் வாழும் உலகில் நிலைத்து நிற்பவை சிலவே. விளைந்த கனி உண்ணப்படுகிறது, உண்ணப்படாதது அழுகுகிறது, அழுகியது மண்ணுக்கு உரமாகி மீண்டும் கனியாகிறது. மனித உடலும் இவ்விதிக்கு விலக்கன்று. எல்லாம் மாறிக்கொண்டிருக்கும் உலகில் கலை மட்டும் ஏன் மாறாதிருக்க வேண்டும்? இந்த எளிய வினாவே நாம் இங்குக் காணவிருக்கும் படைப்புகளுக்கு அடிப்படை.

இவ்வகைப் படைப்புகளைச் சோதனைக்கலை என்பர். வழக்கமான கதை, வழக்கமான பொருள், வழக்கமான காட்சிமுறை ஆகியவற்றை விடுத்து, 'இப்படிச் செய்தால் என்ன ஆகும்?' என்று ஆராயும் முயற்சியே சோதனைக்கலையாகும். அறிவியல் ஆய்வுக்கூடத்தில் சோதனையின் முடிவு முன்கூட்டியே தெரிவதில்லை. அதுபோலவே, இக்கலைஞர்களும் தம் படைப்பு என்னவாக முடியும் என்பதை முழுமையாக அறியாமலேயே அதைத் தொடங்கினர்.

ஆக்கம்: ஒளிப்படக்கருவி இன்றி ஒரு திரைப்படம்

அமெரிக்கச் சோதனைத் திரைப்படக் கலைஞர்களுள் முதன்மையானவராகப் போற்றப்படுபவர் ஸ்டான் பிராக்கேஜ் (1933–2003). அவர் 1963ஆம் ஆண்டில் 'மாத்லைட்' என்னும் குறும்படத்தை உருவாக்கினார். 'விட்டில் ஒளி' என்று அத்தலைப்பைத் தமிழில் கூறலாம். சுமார் நான்கு நிமிடம் மட்டுமே ஓடும் இப்படத்தில் ஒலி இல்லை, நடிகர் இல்லை, கதை இல்லை. இப்படத்தின் காட்சிகளைப் பதிவுசெய்ய ஒளிப்படக்கருவியும் பயன்படுத்தப்படவில்லை.

படச்சுருள் வாங்கவும் பொருளின்றி அவர் துன்புற்ற காலம் அது. விளக்கொளியை நாடி வந்து மடிந்து கிடந்த விட்டில்பூச்சிகளை அவர் கண்டார். அவற்றின் இறகுகளையும், பூவிதழ்களையும், புல்லின் துணுக்குகளையும் பொறுக்கிச் சேர்த்தார். படச்சுருளின் அகலமே உடைய, ஒளி ஊடுருவும் இரு ஒட்டுநாடாக்களுக்கு இடையே அவற்றை ஒவ்வொன்றாக வைத்து ஒட்டினார். அந்த நாடாவிலிருந்து எடுக்கப்பட்ட படிகளே திரையரங்குகளில் திரையிடப்பட்டன.

திரைப்படம் இயங்கும் முறையை எண்ணிப் பார்த்தால் இம்முயற்சியின் நுட்பம் விளங்கும். திரைப்படம் என்பது உண்மையில் அசையாத படச்சட்டங்களின் வரிசை. நொடிக்கு 24 சட்டங்கள் என்னும் வேகத்தில் அவை கண்முன் கடக்கும்போது இயக்கம் தோன்றுகிறது. பிராக்கேஜ் ஒட்டிய இறகுகளோ சட்டங்களின் எல்லையை மதிப்பதில்லை. ஒரே இறகு பல சட்டங்களில் நீண்டு கிடக்கும். எனவே, திரையில் அது ஒரு முழு இறகாகத் தோன்றாமல், அதன் நரம்புகளும் துகள்களும் படபடத்துத் துடிப்பதாகத் தோன்றும். இறந்துபோன பூச்சி, எந்த ஒளியால் மாண்டதோ அதே ஒளியின் முன் மீண்டும் சிறகடிக்கிறது. அழிவிலிருந்து ஓர் ஆக்கம் பிறக்கிறது.

இப்படத்தைச் சிற்பம் என்றும் கூறலாம். பொருளை எடுத்து, அடுக்கி, ஒட்டி உருவாக்கப்பட்டமையால் அது கைத்தொழிலின் விளைவு. ஒளி ஊடுருவிச் செல்லும் ஒரு மெல்லிய புடைப்புச் சிற்பமே அந்த நாடா. திரைப்படத்திற்கும் சிற்பத்திற்கும் இடையே உள்ள வேலி அங்கு மறைந்துவிடுகிறது.

நுகர்வு: ஒன்றையொன்று விழுங்கும் தலைகள்

செக் நாட்டின் தலைநகரான பிராகாவில் 1934இல் பிறந்தவர் யான் ஸ்வாங்க்மாயர். பொம்மலாட்டக் கலையைப் பயின்ற அவர், உயிரற்ற பொருள்களை இயக்கிப் படமாக்குவதில் வல்லவர். அவருடைய 'உரையாடலின் பரிமாணங்கள்' என்னும் குறும்படம் 1982ஆம் ஆண்டில் வெளிவந்தது. மறுஆண்டு பெர்லின் திரைப்பட விழாவில் குறும்படத்திற்கான தங்கக்கரடி விருதை அது பெற்றது.

தெரிந்து தெளிவோம்
ஒரு பொருளைச் சிறிதளவு நகர்த்தி ஒரு படச்சட்டம் எடுப்பர். மீண்டும் சிறிதளவு நகர்த்தி அடுத்த சட்டம் எடுப்பர். இவ்வாறு எடுத்த சட்டங்களைத் தொடர்ச்சியாக ஓட்டும்போது அப்பொருள் தானே அசைவதுபோலத் தோன்றும். இம்முறையை நிறுத்த அசைவூட்டம் எனலாம். ஒரு நொடிக் காட்சிக்கே பன்னிரண்டு முதல் இருபத்து நான்கு முறை பொருளை நகர்த்த வேண்டியிருக்கும்.

மூன்று பகுதிகளாக அமைந்த அப்படத்தின் முதல் பகுதி நுகர்வைப் பற்றியது. காய்கனிகளால் ஆன ஒரு தலையும், கரண்டி, கத்தி போன்ற கருவிகளால் ஆன ஒரு தலையும் எதிரெதிரே வருகின்றன. கருவித்தலை காய்கனித்தலையை விழுங்குகிறது; நறுக்கி நசுக்கி உமிழ்கிறது. பின்னர்த் தாள், நூல், எழுதுபொருள் ஆகியவற்றால் ஆன மற்றொரு தலை வந்து கருவித்தலையை விழுங்குகிறது. அடுத்தடுத்து ஒவ்வொரு தலையும் மற்றொன்றை உண்டு உமிழ, ஒவ்வொரு முறையும் துண்டுகள் சிறிதாகிக்கொண்டே போகின்றன. இறுதியில் எல்லாம் ஒரே வகைக் களிமண்ணாகி, ஒரே மாதிரியான மனிதத் தலைகளாக மாறுகின்றன. அத்தலைகள் தம்மைப் போன்ற தலைகளையே மீண்டும் மீண்டும் உமிழ்கின்றன. வேற்றுமைகள் யாவும் அரைபட்டுப்போன பின் எஞ்சுவது வெறும் படியெடுப்பு மட்டுமே.

காய்கனிகளால் மனித முகத்தை அமைக்கும் உத்தி புதியதன்று. பதினாறாம் நூற்றாண்டில் பிராகா அரசவையில் பணியாற்றிய இத்தாலிய ஓவியர் ஆர்ச்சிம்போல்டோ அத்தகைய ஓவியங்களுக்குப் பெயர்பெற்றவர். அவர் ஓவியத்தில் அம்முகங்கள் அமைதியாக வீற்றிருந்தன. ஸ்வாங்க்மாயர் அவற்றைப் பசியோடு எழுப்பிவிட்டார்.

இரண்டாம் பகுதியில் களிமண்ணால் ஆன ஆணும் பெண்ணும் அன்பால் ஒன்றாகக் கலக்கின்றனர். மீண்டும் பிரியும்போது ஒரு சிறு மண்ணுருண்டை எஞ்சுகிறது. அதை ஏற்க இருவரும் மறுக்கின்றனர். அதனால் எழும் பூசலில் ஒருவரையொருவர் பிய்த்து எறிந்து மண்குவியல் ஆகின்றனர். மூன்றாம் பகுதியில் மேசைமீதுள்ள இரு தலைகள் தம் வாயிலிருந்து பொருள்களை நீட்டுகின்றன. ஒன்று பல்துலக்கியை நீட்ட, மற்றொன்று பற்பசையை நீட்டும். ஒன்று பென்சிலை நீட்ட, மற்றொன்று சீவியை நீட்டும். தொடக்கத்தில் பொருந்தி வந்த இந்தக் கொடுக்கல்வாங்கல் விரைவில் தடம்மாறுகிறது. பொருந்தாத பொருள்கள் மோதி நொறுங்க, இரு தலைகளும் வெடித்துக் களைத்து வீழ்கின்றன.

படைத்த கையே படைப்பை நசுக்கும் வாய்ப்பு களிமண்ணில் எப்போதும் உண்டு. கேட்பதற்காக அன்றி வெல்வதற்காகவே பேசும் பேச்சும் ஒருவகை விழுங்குதலே என்பதை உரையாடல் ஏதுமின்றியே இப்படம் உணர்த்தியது. அன்றைய செக்கோஸ்லோவாகியா அரசு இதைத் தடைசெய்தது.

அழிவு: காலமே உளியாக

டீட்டர் ரோத் (1930–1998) ஜெர்மனியில் ஹானோவர் நகரில் பிறந்து, சுவிட்சர்லாந்திலும் ஐஸ்லாந்திலும் வாழ்ந்த கலைஞர். 1968ஆம் ஆண்டில் அவர் தம் முகத்தையே முதியவரின் முகமாகச் சாக்லேட்டில் வார்த்தார். அதில் பறவைகளுக்கான தானியத்தையும் கலந்தார். தோட்டத்தில் ஒரு கம்பத்தின்மேல் வைத்துப் பறவைகள் கொத்தித் தின்ன விடுவதற்கென்றே அச்சிலை திட்டமிடப்பட்டது. மன்னர்களும் தலைவர்களும் தம் முகம் நிலைக்க வேண்டும் என்று சிலை வைப்பதுண்டு. ரோத்தோ தம் முகம் உண்ணப்பட வேண்டும் என்று சிலை வைத்தார்.

1970இல் லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் அவர் நடத்திய கண்காட்சியில் 37 பெட்டிகளில் பாலாடைக்கட்டி நிரப்பப்பட்டிருந்தது. நாள்கள் செல்லச்செல்ல நாற்றமும் ஈக்களும் புழுக்களும் கூடத்தை நிறைத்தன. காண்போர் முகம் சுளித்தனர். முகம் சுளிப்பதும் அக்கலை அனுபவத்தின் ஒரு பகுதியே என்று அவர் கருதினார். நாம் நாள்தோறும் உண்டு, எஞ்சியதைக் குப்பையில் இட்டு, அதன்பின் அதற்கு என்ன ஆகிறது என்பதைக் காணாமல் இருக்கிறோம். அந்தக் காணாத பகுதியை அவர் கண்முன் கொண்டுவந்து வைத்தார்.

கல்லைச் செதுக்குபவன் சிற்பத்தை முடித்தபின் உளியைக் கீழே வைக்கிறான். ரோத்தின் படைப்பில் சிற்பி ஒதுங்கிய பிறகே பணி தொடங்குகிறது. பூஞ்சையும் பூச்சியும் ஈரமும் வெப்பமும் அவருடைய உடன்பணியாளர்கள், காலமே உளி.

தெரியுமா?
ஜோசப் பாய்ஸ் (1921–1986) என்னும் ஜெர்மானியச் சிற்பி கொழுப்பையும் கம்பளத்தையும் கொண்டு படைப்புகளை உருவாக்கியவர். டியுசல்டோர்ஃப் கலைக்கழகத்தில் தம் கலைக்கூடத்தின் ஒரு மூலையில் 1982ஆம் ஆண்டு வெண்ணெயைப் பூசி ஒரு படைப்பை அமைத்தார். அவர் மறைந்த ஆண்டில், தூய்மைப்பணியின்போது அது அழுக்கென்று எண்ணி அகற்றப்பட்டது. இது நீதிமன்ற வழக்காகி, இழப்பீட்டில் முடிந்தது.

தைத்த தோல்கள்

அழிவைக் கலையாக்குவது அதிர்ச்சியூட்டுவதற்காக மட்டும் அன்று என்பதை அமெரிக்கக் கலைஞர் ஸோயி லெனார்ட் காட்டினார். எய்ட்ஸ் நோய் நியூயார்க் நகரின் கலைஞர் பலரைப் பலிகொண்ட காலம் அது. லெனார்டின் நண்பரும் கலைஞருமான டேவிட் வோய்னரோவிச் 1992ஆம் ஆண்டில் அந்நோயால் மறைந்தார். நண்பரை இழந்த துயரில் இருந்த லெனார்ட், ஆரஞ்சுப் பழங்களை உண்டபின் அவற்றின் தோலை எறிய மனமின்றி ஊசியும் நூலும் கொண்டு மீண்டும் பழத்தின் வடிவில் தைத்தார்.

ஆரஞ்சு, வாழை, எலுமிச்சை, பம்பளிமாசு, வெண்ணெய்ப்பழம் எனத் தொடர்ந்து 1997 வரை ஐந்தாண்டுகளில் ஏறத்தாழ 300 தோல்களை அவர் தைத்தார். சிலவற்றில் பொத்தான்களும் இழுப்பூக்குகளும் வைத்துத் தைக்கப்பட்டன. அவை தரையில் சிதறிக் கிடப்பனவாகக் காட்சிப்படுத்தப்பட்டன. 'விந்தைக் கனி' என்று தமிழில் கூறத்தக்க அப்படைப்பு இன்று பிலடெல்பியா கலை அருங்காட்சியகத்தில் உள்ளது.

தைத்த தோலில் கனி இல்லை. எத்தனை தையல் இட்டாலும் உண்ட பழம் மீள்வதில்லை. இறந்த நண்பர் வருவதில்லை. இது தைத்தவருக்கும் தெரியும். தெரிந்தும் தைத்தார். பழத்தை மீட்க முடியாத அத்தையல் தம்மையே தைத்துக்கொள்ள உதவியது என்பது அவர் கருத்து. இழந்தவரை நினைந்து நாம் செய்யும் சடங்குகள் பலவற்றின் பொருளும் இதுவே அன்றோ?

இப்படைப்பின் வரலாற்றில் கருதத்தக்க ஒரு திருப்பம் உண்டு. தோல்கள் அழியாதிருக்க வழியுண்டா என்று முதலில் ஆராயப்பட்டது. கிறிஸ்டியான் ஷைடெமான் என்னும் கலைப்பொருள் பாதுகாப்பு வல்லுநர் நெடுநாள் முயன்று சில தோல்களைப் பதப்படுத்துவதில் வெற்றியும் பெற்றார். பதப்படுத்திய தோல்களைக் கண்ட லெனார்ட், அவை தமக்கு வேண்டா என்று முடிவு செய்தார். மாறிக்கொண்டே இருப்பதுதான் அப்படைப்பின் உயிர். மாறாத தோல், மாறாத துயரைப் போலவே பொய்யானது. எனவே, உலர்ந்து, நிறம் மங்கி, சுருங்கிப் பொடியாகும் தோல்களையே அருங்காட்சியகம் ஏற்றுக்கொண்டது. பொருள்களைக் காப்பதற்கென்றே நிறுவப்பட்ட ஓர் இடம், ஒரு பொருள் மெல்ல அழிவதற்கும் துணைநிற்க ஒப்பியது.

ஓவியமும் ஒரு பேனாவும்

பழம், மலர், கிண்ணம் ஆகியவற்றை மேசைமீது அடுக்கி வரையும் அசையாப்பொருள் ஓவியம் ஐரோப்பாவில் நெடுங்கால மரபாகும். வாழ்வு நிலையற்றது என்பதை நினைவூட்ட, அவ்வோவியங்களில் அழுகத் தொடங்கிய பழத்தையும் வாடிய மலரையும் வரைவது உண்டு. ஆங்கிலக் கலைஞர் சாம் டெய்லர் வுட் 2001ஆம் ஆண்டில் அம்மரபைத் திரைப்படமாக்கினார். பழங்கள் நிறைந்த ஒரு தட்டைப் பல நாள்கள் தொடர்ந்து படமெடுத்து, அதை நான்கு நிமிடத்திற்கும் குறைவான காட்சியாகச் சுருக்கினார்.

ஓவியம் போலத் தோன்றும் பழங்கள் நம் கண்முன்னே பூஞ்சை படர்ந்து, குழைந்து, சரிந்து கரிய குவியலாகின்றன. அம்மேசையில் மலிவான நெகிழிப் பேனா ஒன்றும் கிடக்கிறது. பழங்கள் யாவும் அழிந்த பின்னும் அப்பேனாவில் எந்த மாற்றமும் இல்லை. அழிவது அழுக்கு என்றும் அழியாதது மேன்மை என்றும் எண்ணும் நம் வழக்கத்தை அப்பேனா தலைகீழாக்குகிறது. மண்ணோடு மண்ணாகும் பழம் இயற்கைக்குத் திரும்புகிறது. திரும்ப இடமின்றிக் கிடப்பது நெகிழிதான்.

படச்சுருளின் முதுமை

இதுவரை கண்ட படங்கள் அழியும் பொருள்களைப் பதிவு செய்தன. பதிவு செய்யும் படச்சுருளே அழியும்போது என்ன நேரும்? இவ்வினாவிற்கு விடையாக அமைந்தது பில் மாரிசன் 2002ஆம் ஆண்டில் உருவாக்கிய 'டெகேசியா'. ஒரு மணி நேரத்திற்குச் சற்றுக் கூடுதலாக ஓடும் இப்படத்திற்கு மைக்கேல் கோர்டன் இசையமைத்தார். அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் 2013ஆம் ஆண்டில் இது சேர்க்கப்பட்டது.

திரைப்படம் தோன்றிய காலம் முதல் 1950களின் தொடக்கம் வரை படச்சுருள்கள் பெரும்பாலும் செல்லுலோஸ் நைட்ரேட் என்னும் வேதிப்பொருளால் ஆனவை. பீரங்கிக்கான வெடிமருந்தாகப் பயன்பட்ட பொருளுக்கு இது நெருங்கிய உறவு. எளிதில் தீப்பற்றும், பற்றினால் நீருக்குள்ளும் எரியும். எரியாவிட்டாலும் தானே சிதையும் தன்மை உடையது. சிதையும்போது வெளியாகும் வளி, ஈரத்தோடு சேர்ந்து அமிலமாகி, அச்சிதைவை மேலும் விரைவுபடுத்தும். முதலில் படம் மங்கும், பின்னர்ச் சுருள் பிசுபிசுக்கும், குமிழ்கள் எழும், இறுகிக் கட்டியாகும், முடிவில் பழுப்புநிறப் பொடியாகும்.

மாரிசன் பல ஆவணக்காப்பகங்களில் தேடி, பாதி சிதைந்த பழைய சுருள்களைத் திரட்டினார். அவற்றைச் செம்மைப்படுத்தாமல், சிதைந்த நிலையிலேயே தொகுத்தார். படத்தின் தொடக்கத்திலும் இறுதியிலும் ஒரு சூஃபித் துறவி சுழன்று ஆடுகிறார். பாலைநிலத்தில் ஒட்டகங்கள் வரிசையாகச் செல்கின்றன. கன்னியர் சிலர் குழந்தைகளை அழைத்துச் செல்கின்றனர். ஒவ்வொரு காட்சியிலும் கறைகளும் குமிழ்களும் உருவங்களைச் சூழ்ந்து விழுங்க முயல்கின்றன. ஒரு காட்சியில் குத்துச்சண்டை வீரர் ஒருவர் பயிற்சி செய்கிறார். அவருக்கு எதிரே இருந்த குத்துமூட்டை சிதைவினால் மறைந்து, கொதிக்கும் தூண்போன்ற ஒரு கறையாகிவிட்டது. அவர் அக்கறையோடு ஓயாமல் போரிடுகிறார். அழிவோடு மனிதன் நிகழ்த்தும் போருக்கு இதனினும் பொருத்தமான உருவகத்தைத் திட்டமிட்டுப் படைத்தல் அரிது. இங்கு அதைப் படைத்தது காலம். கண்டெடுத்தது கலைஞர் கண்.

இழந்த தமிழ்ப்படங்கள்

'டெகேசியா'வைக் காணும் தமிழர்க்கு எழும் எண்ணம் வேறு ஒன்றும் உண்டு. அமெரிக்க மௌனப்படங்களுள் ஏறத்தாழ 70 விழுக்காடு அழிந்துவிட்டன என்று அந்நாட்டுக் காங்கிரசு நூலகத்தின் ஆய்வு கூறுகிறது. நம் நிலை அதனினும் துயரமானது. சென்னையில் ஆர். நடராஜ முதலியார் எடுத்த 'கீசக வதம்' தென்னிந்தியாவின் முதல் மௌனப்படம். அதன் படி எதுவும் இன்று இல்லை. 1931இல் வெளிவந்து, டி.பி. ராஜலட்சுமி நடித்த 'காளிதாஸ்' தமிழின் முதல் பேசும்படம். அதுவும் கிடைக்கவில்லை. அப்படத்தைப் பற்றி நாம் அறிவன எல்லாம் விளம்பரங்களும் பாட்டுப்புத்தகமும் நாளிதழ்க் குறிப்புகளும் தருபவையே.

வெப்பமும் ஈரமும் மிகுந்த நம் தட்பவெப்பம் இதற்கு ஒரு காரணம். அதனினும் பெரிய காரணம், ஓடி முடிந்த படத்திற்கு இனி மதிப்பில்லை என்னும் எண்ணம். படச்சுருளின் பூச்சில் வெள்ளி கலந்திருக்கும். பழைய சுருள்களை வாங்கி, அந்த வெள்ளியைப் பிரித்தெடுத்து விற்றவர் உண்டு. பார்த்து நுகர்ந்தபின் கலை கழிபொருளாகியது.

இந்நிலையை மாற்ற 1964ஆம் ஆண்டில் புனேயில் இந்தியத் தேசியத் திரைப்பட ஆவணக்காப்பகம் நிறுவப்பட்டது. அதனை வளர்த்தெடுத்த பி.கே. நாயர் (1933–2016) ஊர் ஊராகச் சென்று பழைய படச்சுருள்களைத் தேடித் திரட்டினார். தாதாசாகேப் பால்கேயின் 'ராஜா அரிச்சந்திரா'வில் நாம் இன்று காணும் பகுதிகள் அத்தகைய தேடலின் பயன். ஓலைச்சுவடிகளைத் தேடி உ.வே. சாமிநாதையர் அலைந்ததை இம்முயற்சி நினைவூட்டும். செல்லரித்த ஏட்டுக்கும் சிதைந்த சுருளுக்கும் தேவைப்பட்டது ஒன்றே: இது போய்விட்டால் மீளாது என்று உணர்ந்த ஒருவர்.

மூவகை அழிவு

இங்குக் கண்ட அழிவுகள் ஒரே தன்மையன அல்ல. லெனார்டின் தோல்கள் அழிவது அவரே விரும்பி ஏற்ற முடிவு. அங்கே அழிவு, படைப்பின் பொருளை நிறைவு செய்கிறது. 'காளிதாஸ்' அழிந்தது எவரும் விரும்பிய முடிவன்று. எவரும் கவலைப்படாததால் நேர்ந்தது. அங்கே அழிவு, படைப்பின் குரலை வாய்மூடச் செய்தது. முன்னது துறவு, பின்னது புறக்கணிப்பு. இரண்டையும் ஒன்றாக எண்ணி, 'எல்லாம் அழியக்கூடியவைதாமே' என்று அமைதி கொள்வது அறிவுடைமை ஆகாது.

மூன்றாவது வகையும் ஒன்று உண்டு. அதைக் காண அயல்நாடு செல்ல வேண்டியதில்லை. புதுக்கோட்டை, சிவகங்கை மாவட்டங்களின் ஐயனார் கோவில்களில் சுடுமண் குதிரைகள் வரிசைவரிசையாக நிற்பதைக் காணலாம். களிமண்ணோடு மணலும் உமியும் கலந்து, வேளார்கள் அவற்றை வனைகின்றனர். வைக்கோலும் வரட்டியும் இட்டுச் சுடுகின்றனர். புரவி எடுப்பு விழாவில் ஊரார் அவற்றைத் தோளில் சுமந்து சென்று ஐயனார்முன் நிறுத்துகின்றனர். அதன்பின் அவை வெயிலிலும் மழையிலும் நிற்கும். வண்ணம் உதிரும், காது உடையும், புல் முளைக்கும், ஒருநாள் மண்ணோடு சேரும். பழைய குதிரையைச் செப்பனிடுவதில்லை. அதன் அருகில் புதிய குதிரை வந்து நிற்கும். குதிரை அழிகிறது, குதிரை செய்யும் கை அழிவதில்லை. அழிவுக்கு அஞ்சாத அக்கலைக்கும் ஓர் அச்சம் உண்டு. வனையும் தலைமுறை அற்றுப்போனால், அடுத்த மழைக்குப் பின் அங்கு நிற்க எதுவும் இராது.

நிறைவாக

கலை நிலைத்திருப்பது கல்லினால் மட்டும் அன்று. விட்டிலின் இறகைத் திரட்டிய கையும், உண்ட பழத்தின் தோலைத் தைத்த கையும், சிதைந்த சுருளைப் பிரித்துப் பார்த்த கையும், குதிரைக்கு மண் பிசையும் கையும் ஒன்றைச் சொல்கின்றன: கவனிப்பதே காத்தலின் தொடக்கம். எல்லாவற்றையும் காத்துவிட இயலாது; காக்கவும் வேண்டியதில்லை. ஆனால், எதை விடுகிறோம் என்பதை அறிந்தே விடவேண்டும். நம் வீட்டுப் பரணில் கிடக்கும் பழைய ஒளிப்படத்தையோ, பாட்டியின் குரல் பதிந்த ஒலிநாடாவையோ தூக்கி எறியும்முன் ஒருகணம் கையில் ஏந்திப் பார்த்தல் நன்று. அந்த ஒருகணத்தையே இக்கலைஞர்கள் தம் படைப்புகளின் வழியாக நம்மிடம் கேட்கின்றனர்.

கற்பவை கற்றபின்...

1. உங்கள் ஊரில் ஆண்டுதோறும் புதிதாகச் செய்து, பின்னர் அழியவிடும் கலைவடிவங்களைப் பட்டியலிட்டு, அவற்றைச் செய்வோரிடம் நேர்காணல் நடத்துக.
2. ஒரு பழத்தையோ மலரையோ ஒரே இடத்தில் வைத்து, பத்து நாள்கள் ஒரே கோணத்தில் நாளுக்கு ஒரு படம் எடுத்து, வகுப்பில் வரிசையாகக் காட்சிப்படுத்துக.
3. உங்கள் வீட்டிலுள்ள மிகப் பழைய ஒளிப்படம் ஒன்றில் இருப்போர் யார், எடுத்த இடம் எது என்பனவற்றைப் பெரியோரிடம் கேட்டு எழுதுக.

மதிப்பீடு

பலவுள் தெரிக
1. ஒளிப்படக்கருவியால் காட்சிகளைப் பதிவு செய்யாமல் உருவாக்கப்பட்ட படம்
அ) டெகேசியா ஆ) மாத்லைட் இ) உரையாடலின் பரிமாணங்கள் ஈ) காளிதாஸ்
2. பொருத்துக: (க) டீட்டர் ரோத் (ங) ஸோயி லெனார்ட் (ச) பில் மாரிசன் – (1) பழத்தோல் (2) படச்சுருள் (3) சாக்லேட்
அ) க-1, ங-2, ச-3 ஆ) க-3, ங-1, ச-2 இ) க-2, ங-3, ச-1 ஈ) க-3, ங-2, ச-1

குறுவினா
1. சோதனைக்கலை என்றால் என்ன?
2. நெகிழிப் பேனா உணர்த்தும் கருத்து யாது?

சிறுவினா
1. பதப்படுத்திய தோல்களை ஸோயி லெனார்ட் மறுத்தமைக்கான காரணத்தை விளக்குக.
2. நைட்ரேட் படச்சுருள் சிதையும் முறையை எழுதுக.

நெடுவினா
1. 'துறவு வேறு, புறக்கணிப்பு வேறு' – இக்கூற்றைப் பாடப்பகுதியின் சான்றுகளைக் கொண்டு நிறுவுக.